எட்டாவது தொட்டியில் முதலாளி

"ஐயய்யோ...!"

அலறல் மாடியிலிருந்து வந்தது.

ஜப்பானில் சைஜோ ஊரின் சாக்கே என்கிற அரிசி மது ஆலைகளை நடந்தே சுற்றிக் காட்டிப் பிழைக்கிற கிவாகோவுக்கு முதலில் பயம் வரவில்லை. எரிச்சல்தான் வந்தது.

காலையிலிருந்து ஆறு பேரை மேய்த்துக்கொண்டிருந்தாள். ஐந்து பேர் சொன்ன பேச்சைக் கேட்டார்கள். ஆறாவது ஆள், நகோயாவிலிருந்து வந்த சவாதாரி அம்மாள். 'மேலே ஏறாதீர்கள்' என்று குறுக்கே கயிறு கட்டியிருந்தால், தன்னை வரவேற்கத்தான் கட்டியிருக்கிறார்கள் என்று நினைக்கிற ரகம்.

"எல்லாரும் இங்கேயே நில்லுங்க. யாரும் நகரக் கூடாது!"

கிவாகோ மரப்படிகளில் தடதடவென்று ஏறினாள்.

முகுநோகி ஆலையின் மேல்தளம். பலகைத் தரை. கீழே நிற்கிற எட்டுத் தொட்டிகளின் வாய்கள் மட்டும் தரைக்கு மேலே முழங்கால் உயரத்துக்கு வரிசையாகத் தெரிந்தன. ஒவ்வொன்றிலும் அரிசி ஊறல் களகளவென்று நுரைத்துக்கொண்டிருந்தது.

கடைசித் தொட்டி. எட்டாவது. அதன் பக்கத்தில் சவாதாரி அம்மாள். கையில் செல்போன். முகம் வெள்ளை வெளேரென்று இருந்தது.

"அங்கே... அதுக்குள்ளே..."

நுரைக்கு மேலே ஒரு வெள்ளை ரப்பர் பூட்ஸ் நீட்டிக்கொண்டிருந்தது.

பூட்ஸுக்குள் ஒரு கால் இருந்தது!

"குனியாதீங்க!" கிவாகோ அந்த அம்மாளின் கோட்டுக் காலரைப் பிடித்துப் பின்னால் இழுத்தாள். "உள்ளே பூரா ஊறல் புளிக்கிற விஷக் கேஸ்! ஒரு மூச்சு இழுத்தீங்க... நீங்களும் அவருக்குத் துணையாப் போயிடுவீங்க!"

"யாரு... யாருங்க அது?"

பூட்ஸின் விளிம்பில் சிவப்புப் பட்டை. ஆலைக்குள் நுழைகிற எல்லோரும் வாசலில் வெள்ளை பூட்ஸுக்கு மாறித்தான் ஆகவேண்டும். சிவப்புப் பட்டை போட்டது ஒரே ஒருவருக்குத்தான்.

முதலாளி முகுநோகி!

கிவாகோ அந்த அம்மாளின் செல்போனைப் பார்த்தாள்.

"போட்டோ எடுத்தீங்களா?"

"மூணு எடுத்தேன்... ஒண்ணு ஆடிப்போச்சு."

"இறங்குங்க கீழே!"

இரண்டு படி இறங்கிய சவாதாரி அம்மாள் திரும்பினாள்.

"ஏம்மா... டூர்ல கடைசியா ருசி பார்க்கறது உண்டுன்னு போட்டிருந்தீங்களே... அது இருக்குமா, இருக்காதா?"

*

இன்ஸ்பெக்டர் குனிஹிரோ கால் மணி நேரத்தில் வந்து சேர்ந்தார். வந்த வேகத்தில் ஆலைக்குள் நுழையப் பார்த்தார்.

முடியவில்லை.

வாசலில் இரண்டு கைகளையும் விரித்து நின்றிருந்தார் மேஸ்திரி நாகதோரோ. ஊறல் போடுவதிலிருந்து பிழிவது வரை ஆலையில் அவர் வைத்ததுதான் சட்டம். அறுபத்தெட்டு வயது. குரலுக்கு மட்டும் முப்பது.

"காலையில என்ன சாப்டீங்க?"

"என்னது?"

"காலைச் சாப்பாடுங்க. என்ன சாப்டீங்கன்னு கேட்டேன்."

"சோறு... மிசோ சூப்பு... கொஞ்சம் நாட்டோ..."

"வெளியே!"

சோயாவைப் புளிக்க வைத்து, நூல் நூலாக இழுத்துத் தின்கிற அந்த நாட்டோவின் கிருமி உள்ளே நுழைந்தால், அரிசியில் பார்த்துப் பார்த்து வளர்த்த பூஞ்சை பூண்டோடு அழிந்துவிடும். குளிர்காலத்தில் ஆலை ஆட்கள் நாட்டோவைக் கனவில்கூடத் தொடமாட்டார்கள். கிவாகோவே டூருக்கு முதல் நாள் எல்லோருக்கும் போன் போட்டுச் சத்தியம் வாங்குகிறவள்தான்.

"யோவ், நான் போலீஸ்யா! உள்ளே பொணம் கிடக்கு!"

"பொணம் நாட்டோ சாப்பிடலைங்க. அது உள்ளே இருக்கலாம். நீங்க இருக்கக் கூடாது."

குனிஹிரோ பல்லைக் கடித்தார். ஆனால் அவரும் சைஜோவில் பிறந்து வளர்ந்தவர். மீதி ஏழு தொட்டியும் போலீஸால் கெட்டது என்று பேர் வந்தால், சலூனில்கூட அவருக்கு முடி வெட்டமாட்டார்கள்.

கூட வந்த கான்ஸ்டபிளைப் பார்த்தார்.

"நீ என்னய்யா சாப்டே?"

"ரொட்டி சார். வெண்ணெய் தடவி."

"போ... நீதான் இன்னைக்கு ஷெர்லாக்! போய்ப் பார்த்துட்டு வா."

இப்படியாக, சைஜோ சரித்திரத்தில் முதல் முறையாக ஒரு கொலை வழக்கு கிணற்றங்கரையில் விசாரிக்கப்பட்டது. பிப்ரவரிக் காற்று காதை அறுத்தது. இன்ஸ்பெக்டரின் மூக்கு நுனி சிவந்துபோயிற்று.

கான்ஸ்டபிள் திரும்பி வந்து ஒப்பித்தான்.

"பின்மண்டையில அடி சார். ஒண்ணாம் தொட்டிக்கிட்ட ஊறல் துழாவுற கட்டை கிடக்கு, நுனியில ரத்தம். முதலாளி ருசி பார்க்கற வெள்ளைக் கப்பும் அங்கேயே உருண்டு கிடக்கு. அங்கேர்ந்து எட்டாம் தொட்டி வரைக்கும் தரையில ரெண்டு கோடு சார். பூட்ஸ் குதிகால் தேய்ஞ்ச கோடு."

"அதாவது?"

"ஒண்ணுக்கிட்ட அடிச்சு, எட்டு வரைக்கும் இழுத்துட்டுப் போய், உள்ளே தள்ளியிருக்காங்க சார். மிச்ச வேலையை கேஸ் பார்த்துக்கிச்சு. நேத்து ராத்திரிச் சாப்பாட்டு நேரமா இருக்கும்னு உள்ளே பார்த்த போலீஸ் டாக்டர் சொல்றாரு."

"அப்போ தவறி விழுந்ததில்லை!"

குனிஹிரோ மெல்லத் திரும்பி, கிவாகோவைப் பார்த்தார்.

ஏழாம் வகுப்பில் அவளுடைய கணக்கு நோட்டைப் பார்த்து எழுதிப் பாஸானவர் அவர். அந்த நன்றி அவர் கண்ணில் துளியும் தெரியவில்லை.

"ஆட்கள் சாப்பிடப் போயிட்டா ஆலையைப் பூட்டிடுவாங்க. சாவி நாலு. முதலாளிகிட்ட ஒண்ணு, அவர் தம்பிகிட்ட ஒண்ணு, மேஸ்திரிகிட்ட ஒண்ணு... நாலாவது யார்கிட்ட கிவாகோ?"

"என்கிட்ட. காலையில டூர் ஆளுங்களைக் கூட்டிட்டு வர்றதுக்கு."

"நேத்து சாயங்காலம் நடுத்தெருவுல முதலாளிகிட்ட என்ன சொன்னே?"

"நிறைய சொன்னேன்."

"'ஒருநாள் நீங்களே தொட்டிக்குள்ள விழப்போறீங்க, அன்னைக்குத்தான் உங்களுக்குப் புத்தி வரும்'... இதைச் சொன்னியா?"

"புத்தி வரும்னுதானே சொன்னேன்? சாவு வரும்னா சொன்னேன்?"

"ஏன் சொன்னே?"

"டூருக்கு வந்தவங்களை மாடிக்குக் கூட்டிட்டுப் போய், தொட்டிக்குள்ள தலையை விட்டு மோந்து பாருங்கன்னு வித்தை காட்டினாருய்யா! நான் கீழே இன்னொரு கூட்டத்தைப் பார்த்துட்டிருந்தேன். திரும்பிப் பார்த்தா ஆளுங்களைக் காணோம். யாராவது உள்ளே விழுந்திருந்தா யாரு பதில் சொல்றது? அவரா சொல்வாரு?"

"அதுக்கு அவர் 'இனிமே என் ஆலைக்குள்ள கால் வைக்காதே'ன்னாரா?"

"ஆமா."

"இன்னைக்குக் காலையில அவர் பொணமாக் கிடக்காரு. நீ கால் வச்சிருக்கே!"

கிவாகோ அதை மனசுக்குள் ஓட்டிப் பார்த்தாள். கேட்க நன்றாகத்தான் இருந்தது. அவளே இன்ஸ்பெக்டராக இருந்தாலும் அவளைத்தான் பிடித்திருப்பாள். பதினைந்து வருடமாக இந்தத் தெருவில் சின்னக் கொடியைத் தூக்கிக்கொண்டு நடந்தவள், இன்று விலங்கு மாட்டிக்கொண்டு அதே தெருவில் நடக்கப்போகிறாள். ஆறு பேர் போட்டோ எடுப்பார்கள். ஒருத்தி மூன்று எடுப்பாள்.

"குனிஹிரோ... இங்கே பாரு."

"இன்ஸ்பெக்டர்."

"சரி, இன்ஸ்பெக்டர் சார்! என் உயரம் என்ன? தலையில பானை வச்சாலும் உன் தோள் வரைக்கும் வரமாட்டேன். முதலாளி எண்பது கிலோ. ஒண்ணாம் தொட்டிக்கிட்ட மண்டையில போட்டாச்சு. தொட்டி வாய் பக்கத்துலேயே திறந்திருக்கு. ஒரு தள்ளு தள்ளினா வேலை முடிஞ்சுது. அதை விட்டுட்டு, அந்த மூட்டையை எட்டாம் தொட்டி வரைக்கும் இழுத்துட்டுப் போக எனக்கென்ன வேண்டுதலா?"

குனிஹிரோ யோசித்தார். ஏழாம் வகுப்பில் யோசித்த அதே முகம்.

"அப்போ எதுக்கு இழுத்தாங்க?"

"ஒண்ணாம் தொட்டியில என்ன தொங்குது? பெரிய சீட்டு. 'போட்டிச் சரக்கு'ன்னு. இந்த வருஷம் தேசியப் போட்டிக்குப் போற சரக்கு. எட்டுல என்ன? மீன் வேகவைக்க ஊத்தற மட்டச் சரக்கு."

"அதனால?"

"கொன்னவன் முதலாளியைத்தான் கொன்னான். நல்ல சரக்கைக் கொல்ல அவனுக்கு மனசு வரலை! அப்படின்னா அவன் இந்த ஆலையோட ஆளு. வெளியாளுக்கு ஒண்ணும் ஒண்ணுதான், எட்டும் ஒண்ணுதான்."

குனிஹிரோவின் முகம் பளிச்சென்று மலர்ந்தது.

அந்த மலர்ச்சி கிவாகோவுக்குப் பிடிக்கவில்லை. அவர் பார்வை அவளைத் தாண்டிப் போயிற்று. ஆலை வாசலில் இன்னும் காவல் நின்றுகொண்டிருந்த மேஸ்திரியின் மேல் போய் விழுந்தது.

"மேஸ்திரி... அந்தப் போட்டிச் சரக்கைப் பெத்த பிள்ளை மாதிரிப் பார்த்துக்கறது யாரு?"

"நான்தான். வேற எவனுக்கு இங்கே துப்பு இருக்கு?"

"நேத்து ராத்திரி எல்லாரும் சாப்பிடறப்போ நீங்க எங்கே இருந்தீங்க?"

"மேலே. உஷ்ணம் பார்க்கப் போனேன். முதலாளி வர்றதுக்கு முன்னாடியே இறங்கிட்டேன். தினமும் போறதுதான்."

"தனியாவா?"

"உஷ்ணம் பார்க்க மேளதாளம் வேணுமா?"

"கொஞ்சம் வெளியே வாங்க மேஸ்திரி."

"நீங்க தள்ளி நில்லுங்க, வர்றேன். உங்க மேல நாட்டோ வாடை அடிக்குது."

கிவாகோ நாக்கைக் கடித்துக்கொண்டாள். தன் கழுத்திலிருந்த சுருக்கை அவிழ்த்து, பக்கத்திலிருந்த மனுஷனின் கழுத்தில் மாட்டிவிட்டாள்! அதுவும் யார் கழுத்தில்? முதலாளி மாட்டேன் என்றபோது, சண்டை போட்டு அவளுக்கு ஆலைச் சாவி வாங்கிக் கொடுத்தவர் கழுத்தில்!

"குனிஹிரோ, நான் அவரைச் சொல்லலை..."

"நீ சொல்லலை. உன் மூளை சொல்லுச்சு. கணக்கு எப்பவும் உனக்கு நல்லா வரும்!"

*

அப்போதுதான் தம்பிக்காரர் வந்தார்.

தகயாசு. செத்துப்போன முதலாளியின் ஒரே தம்பி. ஆலையின் நிர்வாக இயக்குநர். கறுப்பு கோட்டு, கறுப்பு டை, இரண்டும் இஸ்திரி மடிப்புக் கலையாமல் இருந்தன. அண்ணன் செத்த செய்தி கிடைத்துக் கொஞ்ச நேரம்தான் ஆகிறது. சிலர் எதற்கும் தயாராக இருப்பார்கள்.

நேற்று ராத்திரி எங்கே இருந்தீர்கள் என்று குனிஹிரோ கேட்டார். வீட்டில் தனியாக உட்கார்ந்து, போன வருட பேஸ்பால் மேட்சை மறுபடி பார்த்துக்கொண்டிருந்தாராம். ஹிரோஷிமா அணி ஜெயித்த மேட்ச். குனிஹிரோ அந்த அணிக்காக உயிரையே விடுகிற ஆள். அடுத்த கேள்வியே கேட்கவில்லை!

சாக்கே போட்டி முடிந்த கையோடு இந்தத் தம்பியை நிர்வாகத்திலிருந்து தூக்கப்போவதாக முதலாளி புத்தாண்டு விருந்தில் ஊரறியச் சொல்லியிருந்தார். அதுவும் இன்ஸ்பெக்டருக்கு ஞாபகம் வரவில்லை. மேட்ச் அப்படிப்பட்ட மேட்ச்.

"மேஸ்திரியா...?" தகயாசு கர்ச்சீப்பால் காய்ந்த கண்ணைத் துடைத்தார். "எங்க குடும்பத்து உப்பைத் தின்னவர்... சரி, சட்டம் தன் கடமையைச் செய்யட்டும். கூட்டிட்டுப் போங்க. ஆனா ஒரு விஷயம் இன்ஸ்பெக்டர் சார்..."

"சொல்லுங்க."

"ஒண்ணாம் தொட்டி! அதுக்கு ஏதாவது ஆச்சான்னு யாராவது பார்த்தீங்களா? அடுத்த வாரம் பிழியணும். அண்ணன் ஞாபகார்த்தமா இந்த வருஷம் தங்க மெடல் வாங்கியே ஆகணும். புது முதலாளிங்கற முறையில நான்தான் மேடை ஏறி வாங்கணும். என்ன பண்றது... தலையெழுத்து!"

அண்ணனின் உடலை எங்கே வைத்திருக்கிறார்கள் என்று அவர் கேட்கவே இல்லை. கிவாகோ இதைக் கவனித்தாள்.

"நீங்களே போய் ஒரு வாய் ருசி பார்த்துடலாமே சார்?" என்றாள்.

"எனக்கு சாக்கே ஒத்துக்காதும்மா. வயித்தைப் புரட்டும். பீர் மட்டும்தான்."

முன்னூறு வருட சாக்கே ஆலையின் புது முதலாளி! கிவாகோ சிரிப்பை அடக்கிக்கொண்டாள்.

"ஏம்மா கிவாகோ, உங்களுக்கு நல்ல நாக்குன்னு ஊரே சொல்லுது. போய்ப் பார்த்துட்டு வாங்களேன்?"

கான்ஸ்டபிள் துணைக்கு வர, கிவாகோ மறுபடி மாடி ஏறினாள்.

இத்தனை வருடத்தில் ஒண்ணாம் தொட்டியின் பக்கத்தில் அவளை மட்டும் முதலாளி விட்டதே இல்லை. அது அவருடைய தனிச் சொத்து. கழுத்தை நீட்டாமல், தள்ளி நின்று, கையால் விசிறி வாசனையைத் தன் பக்கம் வரவழைத்தாள்.

மறுபடி விசிறினாள்.

போட்டிச் சரக்கென்றால் ஊறலாக இருக்கும்போதே முலாம்பழ வாசனை ஆளைத் தூக்க வேண்டும். இதில் தூக்கவில்லை. ஈரச் சாக்கு மூட்டை வாசனைதான் வந்தது.

நீளக் கரண்டியால் கொஞ்சம் மொண்டு, நாக்கில் வைத்து, துப்பினாள்.

"என்னம்மா? கெட்டுப்போச்சா?" என்றான் கான்ஸ்டபிள்.

"கெடலை. நல்லாத்தான் இருக்கு... மீன் வேகவைக்க."

சொன்ன பிறகுதான் அவளுக்கே உறைத்தது. அப்படியே நின்றாள்.

பிறகு படிகளில் பறந்தாள்!

*

மேஸ்திரி போலீஸ் ஜீப்பின் பின் சீட்டில் உட்கார்ந்திருந்தார். கையில் விலங்கு. கவலை முழுக்க ஊறல் மேல்.

"ஏம்மா, ஆறாம் தொட்டியைத் துழாவச் சொல்லு. பசங்க மறந்துடுவானுங்க."

"மேஸ்திரி!" ஜன்னலில் குனிந்து கிசுகிசுத்தாள். "ஒண்ணாம் தொட்டியில என்ன போட்டு வச்சிருக்கீங்க?"

மேஸ்திரி முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"நான் ருசி பார்த்துட்டேன். ஏமாத்தாதீங்க. உங்க தலை போகப்போகுது!"

பெரியவர் பெருமூச்சு விட்டார்.

"என்னம்மா பண்றது? அந்த மனுஷன் தினமும் சாயங்காலம் வந்து கப்பை உள்ளே முக்குவாரு. குடிப்பாரு. எச்சில் கப்பை மறுபடி முக்குவாரு. வர்றவன் போறவனையெல்லாம் முக்கச் சொல்லுவாரு. போன வருஷம் அப்படித்தான் சரக்கு கெட்டு, மெடல் கோட்டை விட்டோம். சொன்னா, 'என் ஆலை, என் கப்பு'ங்கறாரு!"

"அதனால?"

"இந்த வருஷம் ஒண்ணுல மட்டச் சரக்கைப் போட்டு, போட்டிச் சீட்டை அதுல மாட்டிட்டேன். எங்க பசங்க எல்லாருக்கும் தெரியும். முதலாளி குடும்பத்துக்கு மட்டும் தெரியாது. மூணு வாரமா அந்த மனுஷன் சமையல் சரக்கைக் குடிச்சுட்டுக் கண்ணை மூடி, 'ஆஹா... தேவாமிர்தம்'ங்கறாரு! பசங்களுக்குச் சிரிப்பை அடக்கறதே பெரிய வேலையாப் போச்சு."

கிவாகோவுக்கு மூச்சு வந்தது. ரொம்ப நேரத்துக்குப் பிறகு முழுசாக வந்தது.

ஒண்ணாம் தொட்டியில் இருப்பது மட்டச் சரக்கு என்று மேஸ்திரிக்குத் தெரியும். கொன்றவர் இவராக இருந்தால் அங்கேயே தள்ளிவிட்டிருப்பார். ஒரு துளி வியர்வை சிந்தியிருக்க வேண்டாம். மெனக்கெட்டு எட்டாம் தொட்டி வரை இழுத்தவன், அந்தச் சீட்டை நம்பினவன். ஒண்ணாம் தொட்டி பத்திரமாக இருக்க வேண்டும் என்று தவித்தவன். சாவி வைத்திருந்தவன்.

அப்படி ஊரில் ஒரே ஒரு ஆள்தான் மிச்சம்!

"சாட்சி இல்லையேம்மா," என்றார் மேஸ்திரி. "சீட்டை நம்பினது குத்தம்னு எந்தக் கோர்ட்டுல சொல்லுவாங்க?"

"நிஜமான போட்டிச் சரக்கு எங்கே இருக்கு?"

மேஸ்திரி சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு, அவள் காதில் சொன்னார்.

கிவாகோ அவர் காதில் பதிலுக்கு ஒன்று சொன்னாள். கொஞ்சம் நீளமாகவே சொன்னாள்.

முதலில் மாட்டேன் என்று தலையாட்டினார். பிறகு அன்று முதல் முறையாக அவர் முகத்தில் சிரிப்பு எட்டிப் பார்த்தது.

*

"போச்சே...! எல்லாம் போச்சே...!"

ஜீப்பிலிருந்து இறங்கிய மேஸ்திரியின் ஒப்பாரி கிணற்றங்கரையைக் கிடுகிடுக்க வைத்தது. டூர் ஆட்கள் ஓடி வந்தார்கள். சவாதாரி அம்மாள் செல்போனைத் தூக்கிப் பிடித்தாள்.

"என்ன, என்ன ஆச்சு?" பதறிக்கொண்டு வந்தார் தகயாசு. "ஒண்ணாம் தொட்டியா? கெட்டுப்போச்சா?"

"ஒண்ணாம் தொட்டிக்கு ஒரு குறையும் இல்லை சார்," என்றாள் கிவாகோ.

"அப்பாடா!"

"ஆனா அதுல இருக்கறது போட்டிச் சரக்கு இல்லை."

"என்னது?"

"மீன் வேகவைக்கிற சரக்கு. உங்கண்ணன் எச்சில் கப்பை முக்கறாருன்னு மேஸ்திரி சீட்டை மாத்தி மாட்டிட்டாரு. நிஜமான போட்டிச் சரக்கு எட்டாம் தொட்டியில இருந்துச்சு சார். உங்கண்ணன் மிதந்தாரே... அதே எட்டு!"

தகயாசுவின் வாய் திறந்தது. மூடவில்லை.

"பொய்..."

"நான் நாக்கால பார்த்துட்டுத்தானே வர்றேன்? நீங்கதானே அனுப்பினீங்க?"

"ஐயோ, என் தங்கமே!" மேஸ்திரி மார்பில் அடித்துக்கொண்டார். "இந்த வருஷம் மெடல் நிச்சயம்னு இருந்தேனே! எந்தப் படுபாவியோ கொண்டுவந்து கரெக்டா அதுக்குள்ளேயே போட்டுட்டானே! ஒண்ணுலேயே போட்டுத் தொலைச்சிருக்கக் கூடாதா? மூளை கெட்ட கழுதை!"

"யாருய்யா மூளை கெட்டவன்?"

தகயாசு பாய்ந்து மேஸ்திரியின் சட்டையைப் பிடித்தார். முகம் செக்கச் செவேலென்று ஆகியிருந்தது.

"சீட்டை மாத்தினா முதலாளி குடும்பத்துக்கு ஒரு வார்த்தை சொல்றதில்லையாய்யா? ஒண்ணாம் தொட்டியைக் காப்பாத்தணும்னுதானே அந்தத் தடியனை எட்டு வரைக்கும் இழுத்துட்டுப் போனேன்! எண்பது கிலோய்யா! முதுகுல இன்னும் ரெண்டு பிளாஸ்திரி ஒட்டியிருக்கேன்! முன்னாடியே சொல்லியிருந்தா..."

நிறுத்தினார்.



"சொல்லியிருந்தா?" என்றார் இன்ஸ்பெக்டர் குனிஹிரோ, மிகவும் மரியாதையாக.

தகயாசு சட்டையை விட்டார். கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் டையைச் சரிசெய்தார்.

"நான்... ஒரு பேச்சுக்கு..."

"பிளாஸ்திரியும் ஒரு பேச்சுக்கா சார்? கோட்டைக் கழட்டுங்க, பார்க்கலாம்."

கோட்டு கழன்றது. சட்டை உயர்ந்தது. இடுப்புக்கு மேலே இரண்டு பெரிய பிளாஸ்திரிகள், மருந்து வாடையோடு பல்லை இளித்தன.

"பேஸ்பால் பார்த்தா முதுகு பிடிச்சுக்குமா சார்?" கேட்கும்போது குனிஹிரோவின் குரல் நிஜமாகவே புண்பட்டிருந்தது. "அந்த மேட்சைப் போய்... உங்களுக்கு எப்படி சார் மனசு வந்துச்சு?"

மேஸ்திரியின் கையிலிருந்த விலங்கு தகயாசுவின் கைக்கு மாறியது.

அதற்குப் பிறகு எல்லாம் கொட்டியது. புத்தாண்டு விருந்தில் அண்ணன் எல்லோர் முன்னாலும் அவமானப்படுத்தினாராம். போட்டிக்கு முன்னால் அண்ணன் கதை முடிந்தால் ஆலையும் தன்னுடையது, மெடலும் தன்னுடையது. தவறி விழுந்தார் என்று ஊர் நம்பிவிடும். உருண்டுபோன கப்பைத்தான் இருட்டில் பார்க்கவில்லையாம். ரத்தக் கட்டையையும் குதிகால் கோடுகளையும் பற்றிக் கேட்டதற்கு, சுத்தம் செய்கிற வேலையெல்லாம் தான் செய்து பழக்கமில்லை என்றார்.

குனிஹிரோ எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, மேஸ்திரியைப் பரிதாபமாகப் பார்த்தார்.

"மன்னிச்சிடுங்க மேஸ்திரி. குத்தவாளி கிடைச்சுட்டான். ஆனா உங்க போட்டிச் சரக்குதான்... பிணம் கிடந்த ஊறலை யாரு பிழியறது? எனக்கே துக்கமா இருக்கு."

"எதுக்கு துக்கம்?" என்றார் மேஸ்திரி, மணிக்கட்டைத் தடவிக்கொண்டே. ஒப்பாரி வைத்த கண்ணில் ஒரு சொட்டு ஈரம் இல்லை.

"எட்டாம் தொட்டி..."

"எட்டுல மட்டச் சரக்குதான். சீட்டுல எழுதியிருக்கறது அப்படியே நிஜம்."

"அப்போ போட்டிச் சரக்கு?"

"அஞ்சுல இருக்கு. ஒரு ஈ மொய்க்கலை."

ஜீப்பில் ஒரு காலை வைத்திருந்த தகயாசு சடாரென்று திரும்பினார்.

"அஞ்சா...? அப்போ ஒண்ணுல? எட்டுல?"

"ரெண்டுலயும் ஒரே சரக்குதான் சார்," என்றாள் கிவாகோ. "ஒரே அரிசி, ஒரே நாள்ல போட்டது. ஒண்ணுல தள்ளியிருந்தாலும் ஒரு நஷ்டமும் இல்லை. முதுகும் பிழைச்சிருக்கும், நீங்களும் பிழைச்சிருப்பீங்க. மேஸ்திரியையே தூக்கி ஜெயில்ல போட்டிருப்பாங்க... நீங்க பாட்டுக்கு மேடை ஏறியிருக்கலாம்."

தகயாசுவின் உதடு துடித்தது. அண்ணனுக்காக வராத கண்ணீர் இப்போது மாலை மாலையாக வந்தது.

"அவ்வளவு தூரம்... அவ்வளவு கஷ்டப்பட்டு... எல்லாம் வீணா...?"

கிவாகோ ஜீப்பின் கதவை அவருக்காக மரியாதையோடு பிடித்துக்கொண்டாள்.

"வீண்னு ஏன் சார் நினைக்கறீங்க? பொறந்ததிலேர்ந்து இந்த ஆலையில நீங்க உடம்பு வளைஞ்சு செஞ்ச ஒரே வேலை அதுதான்... அதுக்கு கவர்மென்ட்டே ஆயுசு பூரா சோறு போடப்போகுது, சந்தோஷமாப் போயிட்டு வாங்க!"